ஆள் வராத படம்

சுதாகருக்கு வாய் கொஞ்சம் நீளம். மற்றபடி குறை சொல்ல முடியாத மனுஷன். நெய்வேலிச் சுரங்கத்தில் பெல்ட் பிரிவில் பர்மனென்ட். வெட்டிய மண்ணையும் நிலக்கரியையும் சுமந்துகொண்டு மைல் கணக்கில் ஓடுகிற ரப்பர் பெல்ட்டை ஒட்டியே நடந்து, எங்கே என்ன கோளாறு என்று பார்க்கிற வேலை. பெல்ட்டைத் தாங்கிச் சுற்றும் நூறு ரோலரில் ஒன்று சத்தம் மாறிச் சுற்றினாலும் அவன் காது பிடித்துவிடும். அப்பேர்ப்பட்ட காதுக்குப் பக்கத்திலேயே இப்படி ஒரு வாயை வைத்த கடவுளைத்தான் கேட்க வேண்டும். ஒன்று நடந்தால் ஒன்பது சொல்லுவான்.

இப்படிப்பட்டவனுடைய பெண்டாட்டி ஒரு படம் எடுக்கிறாள் என்றால் சும்மா இருப்பானா?

"எங்க வூட்ல படம் எடுத்துகினு இருக்காங்க" என்று டீ நேரத்தில் ஒரு நாள் ஆரம்பித்தான். கேட்டுக்கொண்டிருந்தவர்கள் இரண்டு பேர். ஒருவர் போர்மேன் நெடுமாறன், இருபத்தாறு வருஷ சர்வீஸ், பேச்சு குறைவு. மற்றவன் கொளஞ்சியப்பன், கம்மாபுரத்துப் பக்கத்து ஊரிலிருந்து டிவிஎஸ்ஸில் வந்துபோகிற கான்ட்ராக்ட் தொழிலாளி, கேள்வி அதிகம்.

"படம்னா, தியேட்டர்ல போடுற மாதிரியாண்ணே?" என்றான் கொளஞ்சியப்பன்.

"அனிமேஷன்டா. கம்ப்யூட்டர்லாம் இல்ல, எல்லாம் கையாலயே. ஒரு செகண்டுக்கு பன்னெண்டு படம் புடிக்கணும்."

"கதை என்னா?"

இந்த இடத்தில் 'எனக்குத் தெரியாது' என்று சொல்லியிருந்தால் அதோடு போயிருக்கும். ஆனால் அந்தச் சொல் சுதாகரின் வாயில் வந்ததாகச் சரித்திரமே இல்லை. ஒரு பெண் என்றான். அவளுடைய ஆட்டுக்குட்டி காணாமல் போய்விட்டது என்றான். அதைத் தேடிக்கொண்டு அவள் சுரங்கத்துக்குள்ளேயே இறங்கிவிடுகிறாள், அங்கே ஒரு கெட்ட கான்ட்ராக்டர் இருக்கிறான் என்றான். கொளஞ்சியப்பன் டீயை ஆறவிட்டுவிட்டுக் கேட்டான். மறுநாள் வந்ததும் வராததுமாக, "ஆட்டுக்குட்டி கெடச்சிச்சாண்ணே?" என்றான். அன்றிலிருந்து இரண்டு வருஷம், வாரத்துக்கு ஒரு முறையாவது சுதாகர் கதையை வளர்த்துக்கொண்டே போனான். ஆட்டுக்குட்டி இன்னும் கிடைக்கவில்லை.

படத்தை எடுத்துக்கொண்டிருந்த சத்யப்பிரியாவுக்கு இது எதுவும் தெரியாது. கும்பகோணத்தில் ஓவியம் படித்துவிட்டு, கல்யாணமாகி குவார்ட்டர்ஸுக்கு வந்தவள். ஒரு பள்ளிக்கூடத்தில் மதியம் வரைக்கும் டிராயிங் டீச்சர். பிற்பகல் முழுக்கப் பின்னறைதான். இரண்டு ஸ்டூலுக்கு நடுவே பழைய ஜன்னல் கண்ணாடி ஒன்றைக் கிடத்தி, அடியில் பல்பு போட்டிருந்தாள். மேலே செல்போனைக் குப்புறக் கட்டித் தொங்கவிட்டிருந்தாள். கண்ணாடியின் மேல் பொடி. விரலால் ஒரு நூலளவு நகர்த்துவாள், ஒரு போட்டோ எடுப்பாள். மறுபடி நகர்த்துவாள், மறுபடி ஒரு போட்டோ. அவ்வளவுதான் வேலை. அந்த நேரத்தில் அந்த அறையில் மின்விசிறி ஓடக்கூடாது, யாரும் தும்மக்கூடாது.

பொடி எங்கிருந்து வந்தது என்றால், சுதாகரிடமிருந்துதான். சுரங்கத்திலிருந்து வருகிறவனின் யூனிபார்மில் மடிப்புக்கு மடிப்பு, பாக்கெட்டுக்குப் பாக்கெட்டு தூள் இருக்கும். எல்லா வீட்டிலும் துவைக்கும் கல்லில் போகிற தூள் அது. இவள் மட்டும் தினமும் கொல்லைப்புறத்தில் பேப்பர் விரித்து, சட்டையை உதறி, டீ வடிகட்டியில் சலித்து, ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வைத்தாள். கருப்பு ஒரு பாட்டில், பழுப்பு ஒரு பாட்டில். சிவப்புக்கு மட்டும் தோட்டத்து மண்.

"செடிக்கா?" என்று கேட்டான் சுதாகர் ஒருமுறை.

"இல்ல, எனக்கு" என்றாள் அவள்.

அவனும் அவ்வப்போது எட்டிப் பார்ப்பான். கண்ணாடியில் கருப்பாக ஒரு கோடு தெரியும், இல்லையென்றால் சிவப்பாக ஒரு திட்டு. செட் போடுகிறாள், ஆட்கள் அப்புறம் வருவார்கள் என்று நினைத்துக்கொண்டு போய்விடுவான். ஒருவேளை உண்மையிலேயே ஓர் ஆட்டுக்குட்டியை வரைந்துவிடுவாளோ என்றுகூட அவனுக்கு நப்பாசை இருந்தது. சொல்லிச் சொல்லி அவனுக்கே தன் கதை பிடித்துப்போயிருந்தது.

படம் முடிந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில். லேப்டாப்பைச் சாப்பாட்டு மேஜையில் வைத்து, "உக்காருங்க, ஆறு நிமிஷம்தான்" என்றாள்.

சுதாகர் உட்கார்ந்தான். வெள்ளைத் திரை. ஒரு கரும்புள்ளி வந்தது. மூன்றாயிற்று. கோடாயிற்று. கோடு தடித்தது, மெலிந்தது, பிரிந்தது, சேர்ந்தது. கீழேயிருந்து சிவப்பு ஏறியது. சத்தம் என்று ஒன்றும் இல்லை. அவன் பொறுமையாக ஆள் வருவதற்குக் காத்திருந்தான். கல்யாண மண்டபத்தில் முதல் பந்திக்கு இடம் கிடைக்காதவன் காத்திருப்பானே, அப்படி. ஆறு நிமிஷமும் முடிந்து திரை வெறுமையாயிற்று.

"ஆளுங்க எப்ப வருவாங்க?" என்றான்.

"வரமாட்டாங்க."

"அப்ப இது?"

"இதான் படம்."

சுதாகர் காலண்டரைப் பார்த்தான். ஏனென்றால் நாலு மாசம் முன்பே அவன் இன்னொரு காரியமும் செய்திருந்தான். அவர்கள் பிளாக்கில் இருக்கும் மனமகிழ் மன்றத்தின் ஆண்டு விழாவில், 'உறுப்பினர் குடும்பத்தாரின் திரைப்படம்' என்று, அவளிடமும் சொல்லிவிட்டே, பெயர் கொடுத்துவிட்டான். விழா வருகிற சனிக்கிழமை. ஷிப்டில் ஒருத்தர் பாக்கியில்லாமல் அத்தனை பேரையும் குடும்பத்தோடு அழைத்தாயிற்று.

"சத்யா, இதுக்கு அர்த்தம் என்னா?"

"பங்குனி உத்திரத்துக்கு வில்லுடையான்பட்டு கோயில்ல தவில்காரர் கால் மணி நேரம் தனியா வாசிச்சாரே, தலைய ஆட்டிகிட்டு நின்னீங்களே. அதுக்கு என்ன அர்த்தம்? அதுல யாரு ஹீரோ?"

"அது தவிலு."

"இதுவும் அதான். கண்ணுக்கு வாசிக்கிறது."

"எல்லாம் சரி. நம்ம ஆளுங்களுக்குப் புரியணும்ல? முன்னாடி ரெண்டு வரி எழுதிப் போடலாம். இல்ல, பின்னாடி யாராச்சும் கதை மாதிரி பேசட்டும். நானே பேசறேன்."

சத்யப்பிரியா லேப்டாப்பை மூடினாள். "ஒரு வார்த்தை சேத்தாலும் அது வேற படம். அத நான் எடுக்கல. போடறதுன்னா இப்படியே போடுங்க, இல்லன்னா பேரை வாபஸ் வாங்கிடுங்க" என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. சாம்பாரில் உப்பு சரியாக இருக்கிறது, இனிமேல் போட வேண்டாம் என்பதுபோலச் சொன்னாள்.

வாபஸ் வாங்கலாம்தான். ஆனால் வாங்கினால் நெடுமாறனுக்கு என்ன பதில் சொல்வது, கொளஞ்சியப்பனுக்கு என்ன சொல்வது? வாங்காவிட்டால் சனிக்கிழமை முழுப் பிளாக்கும் சிரிக்கும். இருதலைக்கொள்ளி எறும்பாக ஐந்து நாள் ஓடிற்று. கதை பொய் என்று பெண்டாட்டியிடமும் சொல்லவில்லை, ஷிப்டிலும் சொல்லவில்லை. பெல்ட்டை ஒட்டி நடக்கும்போது தானாகப் பேசிக்கொண்டு நடந்தான்.

சனிக்கிழமை சாயங்காலம் மன்றத்து ஹால் நிரம்பிவிட்டது. நெடுமாறன் வெள்ளை வேட்டியில், மனைவி தனபாக்கியத்தோடு மூன்றாவது வரிசையில் வந்து உட்கார்ந்தார். கொளஞ்சியப்பன் ஊரிலிருந்து குடும்பத்தையே டிவிஎஸ்ஸில் ஏற்றிக்கொண்டு வந்திருந்தான். "ஆட்டுக்குட்டி படம், ஆட்டுக்குட்டி படம்" என்று அவன் பெண் எழில்மதி காலை ஆட்டிக்கொண்டிருந்தாள். சுதாகர் ஓர் ஓரத்தில், கதவுக்குப் பக்கத்தில் இடம் பிடித்தான். சத்யப்பிரியா எதிர் ஓரத்தில், பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்தாள்.

பரதநாட்டியம் முடிந்தது. ஓய்வு பெறுகிறவர்களுக்குச் சால்வை போட்டு முடிந்தது. செயலாளர் ஜெயப்பிரகாஷ் மைக்கைப் பிடித்து, "அடுத்து, நம்ம சுதாகர் குடும்பத்தாரின் திரைப்படம்" என்றார். கைத்தட்டல். விளக்கை அணைத்தார்கள். மன்றத்து எலக்ட்ரீஷியன் ஹரி புரொஜக்டரைப் போட்டான்.

வெள்ளைத் திரை. ஒரு புள்ளி. மூன்று புள்ளி. பிறகு பத்து நூறாகக் கறுப்புப் பொடி.

ஹரி லேப்டாப்பைத் தட்டிப் பார்த்தான். ஒயரைப் பிடுங்கிச் செருகினான். மறுபடி அதே புள்ளிகள். அவன் எழுந்து ஜெயப்பிரகாஷின் காதில் ஏதோ சொன்னான். விளக்கு எரிந்தது.

"மன்னிக்கணும்" என்றார் ஜெயப்பிரகாஷ் மைக்கில். "பைல் ரிப்பேர் ஆயிடுச்சு போல. படம் வரமாட்டேங்குது, வெறும் புள்ளி புள்ளியா வருது. சுதாகர் தப்பா எடுத்துக்கக் கூடாது. அடுத்த நிகழ்ச்சிக்குப் போயிடலாம்."

கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தது மாதிரி இருந்தது சுதாகருக்கு. பைல் ரிப்பேர்! இதைவிட நல்ல சாக்கை அவனே யோசித்திருந்தாலும் கண்டுபிடித்திருக்க முடியாது. அடடா என்று தலையை ஆட்டினால் போதும். நாலு பேர் உச்சுக் கொட்டுவார்கள். ஆட்டுக்குட்டியும் பிழைத்துக்கொள்ளும், அவன் மானமும் பிழைத்துக்கொள்ளும். நெடுமாறன்கூடத் திரும்பி அவனைப் பார்த்து, 'விடுப்பா' என்பதுபோலக் கையை அசைத்தார்.

சுதாகர் எதிர் ஓரத்தைப் பார்த்தான். சத்யப்பிரியா எழுந்திருக்கவில்லை. அவனைப் பார்க்கவும் இல்லை. அணைந்துபோன திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். மடியில் அவளுடைய வலது கை இருந்தது. ஆள்காட்டி விரலைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டே இருந்தாள். விழாவுக்கென்று காலையில் சீயக்காய் போட்டுத் தேய்த்தும் அந்த விரலின் நகக்கண்ணில் கறுப்பு போகவில்லை. இரண்டு வருஷம் நூலளவு நூலளவாக நகர்த்திய விரல். நாலாயிரத்து முந்நூற்று இருபது முறை என்று அவள் ஒருதரம் கணக்குச் சொல்லியிருந்தாள். அன்றைக்கு அவன் காதில் வாங்கவில்லை.

ரிப்பேராம். வெறும் புள்ளியாம். சுதாகருக்கு அடிவயிற்றிலிருந்து கோபம் பற்றிக்கொண்டு வந்தது. ஹரி மேல் இல்லை, ஜெயப்பிரகாஷ் மேலும் இல்லை. ஒரு நிமிஷம் சந்தோஷப்பட்டானே, அந்தத் தன் மேலேயே வந்த கோபம். அவன் எழுந்துவிட்டான்.

"சார், ஒரு நிமிஷம். பைல்ல ஒண்ணும் ரிப்பேர் இல்லீங்க. படமே அதாங்க."

ஹால் திரும்பியது.

"ஆளு வராது. கதை கெடையாது. பாட்டு கெடையாது. நான் ரெண்டு வருஷமா ஷிப்ட்ல சொல்லிகினு இருந்ததெல்லாம் நானா அளந்து வுட்டது. எங்க வூட்டுக்காரம்மா அப்படி ஒரு வார்த்தை சொல்லல. கேட்டா தெரியாதுன்னு சொல்ல எனக்கு வெக்கமா இருந்திச்சு, அதான்."

"ஆட்டுக்குட்டி இல்லியாண்ணே?" என்றான் கொளஞ்சியப்பன், உண்மையிலேயே அடிபட்ட குரலில்.

"இல்லடா."

சிரிப்பு வெடித்தது. முன்வரிசையிலிருந்து பின்வரிசை வரைக்கும் சிரித்தார்கள். சுதாகரின் காது சூடேறியது. ஆனாலும் உட்காரவில்லை.

"சிரிச்சுக்கங்க. என்னைப் பாத்து சிரிச்சுக்கங்க. ஆனா படம் ஓடறப்ப சிரிக்காதீங்க. அதுல இருக்கறது என் சட்டையில இருந்து உதுந்த தூளு. உங்க சட்டையில இருக்கறதும் அதே தூளுதான். நாம தண்ணியில விடறோம். அவங்க ரெண்டு வருஷம் உக்காந்து, ஒரு செகண்டுக்குப் பன்னெண்டு தடவ நகத்தி அத ஓட வெச்சிருக்காங்க. எனக்கும் அர்த்தம் தெரியாது. மொதல்ல இருந்து போடுங்க ஹரி."

சத்யப்பிரியா இப்போது அவனைப் பார்த்தாள். சிரிக்கவில்லை, அழவும் இல்லை. வாய் லேசாகத் திறந்திருந்தது. ஆட்டுக்குட்டியைப் பற்றி அவள் கேள்விப்படுவது அதுதான் முதல் தடவை.

விளக்கு அணைந்தது.

புள்ளி வந்தது. மூன்றாயிற்று. முதல் நிமிஷம் அங்கங்கே இருமல், நாற்காலி நகரும் சத்தம், ஒரு குழந்தையின் சிணுங்கல். கறுப்பு கோடாக நீண்டது, கோடு பட்டையாக அகன்றது. பட்டை இடமிருந்து வலமாக ஓட ஆரம்பித்தது. ஒரே சீராக அல்ல. தடித்து, மெலிந்து, மறுபடி தடித்து. அதன் மேல் பழுப்பு திட்டுத்திட்டாக ஏறி உட்கார்ந்து, கூடவே ஓடி, கரைந்தது. சிவப்பு கீழேயிருந்து பொங்கிப் பொங்கி அடங்கியது. ஹாலில் இருமல் நின்றுவிட்டிருந்தது. சுதாகர் கவனித்தான்: மூன்றாவது வரிசையில் நெடுமாறனின் தலை மிக மெதுவாக, ஒரு தாளத்துக்கு அசைந்தது. சத்தமே இல்லாத படத்துக்கு எந்தத் தாளம் என்று யோசித்தவன், தன் பாதமும் அதே தாளத்தில் தரையைத் தட்டுவதைக் கண்டான். ரோலர் சுற்றுகிற தாளம் அது.

நாலாவது நிமிஷத்தில் பட்டை கொஞ்சம் கீழே சாய்ந்தது. ஒரு விரற்கடை. இன்னொரு விரற்கடை. ஒரு பக்கம் கனத்து, ஓரம் நெளிந்து, பொடி சிந்தத் தொடங்கியது.

"சாயுது! பெல்ட்டு சாயுது!" என்று கத்திக்கொண்டு கொளஞ்சியப்பன் எழுந்து நின்றான். பின்வரிசையில் நாலு பேர் அவனோடு சேர்ந்து எழுந்துவிட்டார்கள். நெடுமாறன் கத்தவில்லை. அவருடைய வலது கை மட்டும் பக்கவாட்டில் பாய்ந்து, கைக்கு அகப்பட்டதைப் பிடித்து ஒரே இழுப்பாக இழுத்தது. பெல்ட் நெடுக ஒரு கயிறு கட்டியிருக்கும். பெல்ட் சாய்ந்து கிழிகிற மாதிரி ஆபத்து என்றால் அதை இழுக்க வேண்டும், பெல்ட் நின்றுவிடும். இங்கே அகப்பட்டது தனபாக்கியத்தின் முந்தானை.

"ஐயோ, என்னா மனுஷா இது!" என்று தனபாக்கியம் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

ஹால் முழுக்கச் சிரித்தது. நெடுமாறனும் சிரித்தார், எழுந்தவர்கள் அசடு வழிய உட்கார்ந்தார்கள். ஆனால் கண்ணை யாரும் திரையிலிருந்து எடுக்கவில்லை. பட்டை சாய்ந்துகொண்டே போனது. இனி அறுந்துவிடும் என்று தோன்றிய இடத்தில், பொடிப்பொடியாக, தயங்கித் தயங்கி, நடுவுக்குத் திரும்பியது. யாரோ பெருமூச்சு விட்டது எல்லோருக்கும் கேட்டது. நேராக ஓடிற்று. மெலிந்தது. கோடாகி, புள்ளியாகி, வெள்ளையாகிவிட்டது.

விளக்கு எரிந்தது. முதலில் கொளஞ்சியப்பன் கைதட்டினான். அப்புறம் மழை பிடித்துக்கொண்டதுபோல ஹாலே தட்டியது. சுதாகரின் நெஞ்சு விம்மியது. இத்தனை நாள் வாயால் ஊதி ஊதிப் பெரிதாக்கிய பெருமை வேறு, இது வேறு என்று அவனுக்கே தெரிந்தது. இது தானாக வந்து நெஞ்சில் உட்கார்ந்திருந்தது. அதைப் பற்றி யாரிடமும் எதுவும் சொல்லத் தோன்றவில்லை.

ஜெயப்பிரகாஷ் மைக்கோடு சத்யப்பிரியாவிடம் போனார். "அம்மா, நீங்க எடுத்தது நம்ம பெல்ட்டுதானே?"

"இல்லீங்க" என்றாள் அவள். "தூளு எப்படிப் போவுதுன்னு பாத்துக்கிட்டே போனேன். எதையும் மனசுல வெச்சு செய்யல. நான் பெல்ட்டை ஒரு தடவகூட கிட்டப் போய்ப் பாத்ததில்ல."

ஹாலில் ஒரு முணுமுணுப்பு ஓடி அடங்கியது.

நெடுமாறன் எழுந்து, வரிசையைத் தாண்டி நேராகச் சுதாகரிடம் வந்தார். அந்த டவுன்ஷிப்பில் அதுதான் வழக்கம். பிள்ளை முதல் மார்க் வாங்கினாலும், பெண்டாட்டி கோலப்போட்டியில் ஜெயித்தாலும், ஷிப்டில் கூட வேலை செய்கிற ஆணின் கையைத்தான் பிடித்துக் குலுக்குவார்கள். அவர் சுதாகரின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இருபத்தாறு வருஷ சர்வீஸ்ல, இந்தக் கை ஒரு தபா கூட தப்பா கயித்தப் புடிச்சதில்ல. இன்னிக்குப் புடிக்க வெச்சுட்டாங்க. பெல்ட்டையே பாக்காதவங்க. எப்படிப்பா?"

வழக்கமாக இந்த இடத்தில் சுதாகருக்கு ஒன்பது பதில் வந்திருக்கும். அவன் கையை மெல்ல விடுவித்துக்கொண்டான்.

"என்கிட்ட சொல்லாதீங்கண்ணே. எடுத்தது அவங்க. அவங்ககிட்டப் போய் சொல்லுங்க."

நெடுமாறன் ஒரு கணம் திகைத்தார். அடுத்தவன் மனைவியிடம் 'வணக்கம்மா'வுக்கு மேல் ஒரு வார்த்தை பேசியறியாத மனுஷர். ஆனாலும் திரும்பினார். ஹாலின் முழு அகலத்தையும் கடந்து, பெண்கள் பக்கம் போய், சத்யப்பிரியாவின் முன்னால் நின்றார். என்ன சொல்வதென்று தெரியாமல் தன் வலது கையை ஒரு தரம் விரித்துப் பார்த்துக்கொண்டார். கடைசியில்,

"இன்னொரு தபா போடுவியாம்மா?" என்றார்.

சத்யப்பிரியா ஹரியைப் பார்த்துத் தலையசைத்தாள். எழுந்து நின்றவர்கள் எல்லோரும் அவசர அவசரமாக உட்கார்ந்தார்கள். நெடுமாறன் தன் இடத்துக்கு வருவதற்குள் தனபாக்கியம் முந்தானையை இழுத்து இடுப்பில் இறுகச் செருகிக்கொண்டாள்.